உள்ளேயிருந்து உறுதியான தகவல்

மார்ச் 3

சார்! பெரிய செய்தி, உக்காந்துட்டுப் படிங்க: நேத்து மத்தியானத்துல இருந்து இந்த நிமிஷம் வரைக்கும் நாலு லட்சத்துப் பத்தாயிரம் பேர் உங்க மூஞ்சியப் பாத்து உங்களைப் பத்திப் பேசிட்டாங்க, முப்பத்தெட்டு வருஷத்துல முதல் தடவையா, அதுவும் என்னால!

மூச்சு வாங்குது. இருங்க, நான் யாருன்னு சொல்லிடறேன். ‘ரெண்டாவது வரிசை’ன்னு ஆன்லைன்ல ஒரு பக்கம் நடத்துறேன். படத்துல ஹீரோவுக்குப் பின்னாடி நிக்கறவங்களுக்கு மட்டும்தான் அங்க இடம். ஹீரோ குறுக்க வந்தா கத்தரிச்சுடுவேன். எண்பத்து மூவாயிரம் பேர் பின்தொடர்றாங்க. பகல்ல செல்போன் சர்வீஸ் கடையில உடைஞ்ச கண்ணாடி மாத்துற வேலை. எடிட்டிங் யாரும் சொல்லிக் குடுக்கல, வீடியோ பாத்துப் பாத்து நானே கத்துக்கிட்டது.

உங்க படம் இருநூத்திப் பதினாலு, சீரியல் முப்பத்தொண்ணு. அத்தனையும் பாத்த ஒரே ஆள் உலகத்துலயே நான்தான். நீங்களே பாத்திருக்க மாட்டீங்க! இன்ஸ்பெக்டரா அறுபத்தொரு தடவை வந்திருக்கீங்க. அதுல நாப்பத்தேழு தடவை எல்லாச் சண்டையும் முடிஞ்சப்புறம்தான் ஜீப்ல வந்து இறங்குறீங்க. அதனால என் பக்கத்துல உங்களுக்கு ‘ஜீப் அங்கிள்’னு பேரு. கோச்சுக்காதீங்க, அன்புதான். இன்னொண்ணு கவனிச்சிருக்கேன் சார். இத்தனை படத்துல ஒரு தடவைகூட உங்களுக்குன்னு ஒரு வீடு காட்டினதில்ல. நீங்க உக்காந்து சாப்பிட்டதே இல்ல. எப்பவும் வாசல்ல நின்னு யாரையாவது விசாரிச்சுட்டுப் போயிடறீங்க.

இனிமே அப்படி இல்லல்ல? அதான் நான் போட்ட பதிவு. பிரிண்ட் எடுத்து இத்தோட வெச்சிருக்கேன். ஒருவேளை தபால்ல விழுந்துட்டா இங்கயும் எழுதிடறேன்:

“உள்ளேயிருந்து உறுதியான தகவல்! இந்த வருஷத்தோட பெரிய படம், டீசர்ல ஹீரோ ‘எங்கப்பாவைக் கொன்னவன் யாரு’ன்னு கத்துறாரே, அந்த அப்பா சாகவே இல்ல! உயிரோட இருக்கார்! நடிக்கிறது யாரு தெரியுமா? நம்ம ஜீப் அங்கிள்!”

பாருங்க சார், பத்துப் பதினஞ்சு சேனல் இதை எடுத்துப் போட்டிருக்கு. எங்கிருந்து தெரிஞ்சுதுன்னு கேக்காதீங்க, அது அட்மின் ரகசியம்!

உங்களுக்கு ஆன்லைன்ல கணக்கே இல்ல, அதான் தபால். பழைய புத்தகக் கடையில நடிகர் சங்கக் கையேடு ஒண்ணு கிடைச்சுது, அதுல இருந்து விலாசம் எடுத்தேன். வீடு மாறியிருக்காதீங்க ப்ளீஸ்.

இப்படிக்கு,
ரெண்டாவது வரிசை அட்மின்


மார்ச் 7

ரெண்டாவது வரிசை தம்பிக்கு,

வீடு மாறவில்லை. உன் கடிதம் வந்து சேர்ந்தது.

அது வந்த அன்று காலை பதினொரு மணிக்கு நான் தயாரிப்பு அலுவலகத்தில் நின்றுகொண்டிருந்தேன். நாற்காலி இருந்தது. உட்காரச் சொல்லவில்லை. இருபது வருஷமாக என்னைப் பார்த்தால் எழுந்து நிற்கும் புரொடக்ஷன் மேனேஜர், உட்கார்ந்தபடியே அவர் போனை என் பக்கம் திருப்பினார். உன் பதிவு.

“அண்ணே, கதை மொத்தம் அஞ்சு பேருக்குத்தான் தெரியும். டைரக்டர், ஹீரோ, கேமராமேன், நான், நீங்க. இதுல வாயத் தொறந்தது யாரு? ஹீரோவா?”

“நான் சொல்லலப்பா.”

“அப்ப சுவர் சொல்லுச்சா?”

உனக்கு எங்கள் பிழைப்பு தெரியுமா, தம்பி? எண்ணத்தான் தெரிகிறது. எங்கள் மாதிரி ஆட்களுக்கு யாரும் முழுக் கதையைத் தர மாட்டார்கள். காலையில் போனதும் ஒரு தாள் வரும். அன்றைக்கு நாம் பேச வேண்டியது மட்டும் அதில் இருக்கும். நான் கைது பண்ணுகிறவன் குற்றவாளியா இல்லையா என்று தெரியாமலேதான் கைது பண்ணுவேன். ஒரு படத்தில் கொலைகாரனே நான்தான் என்பது தியேட்டரில் போய் உட்கார்ந்த பிறகுதான் எனக்குத் தெரிந்தது. பக்கத்து சீட்டுக்காரர் என்னைத் திரும்பிப் பார்த்து முறைத்தார்.

இந்தப் படத்துக்குத்தான் முதல் தடவையாக முழுப் புத்தகமும் என் கைக்கு வந்தது. மொத்தம் ஐந்து பிரதி. நான்காம் எண் என்னுடையது. ஒவ்வொரு பக்கத்திலும் கையெழுத்துப் போட்டு வாங்கினேன். பீரோவில் பூட்டிச் சாவியைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு தூங்கினேன். என் மனைவி கேட்டாள், “மீசைய எடுத்துட்டு, மூணு சீரியலையும் விட்டுட்டு வந்து நிக்கறீங்க. என்ன வேஷம்னு எங்கிட்டகூடச் சொல்ல மாட்டீங்களா?” சொல்ல மாட்டேன் என்றேன். மூன்று நாள் என்னோடு பேசவில்லை. கட்டின மனைவியிடம் மறைத்ததை நீ நாலு லட்சம் பேருக்குச் சொல்லிவிட்டு, உட்கார்ந்து படியுங்கள் என்கிறாய்.

படத்திலிருந்து என்னை எடுத்துவிட்டார்கள். நான்காம் பிரதியை அன்றே திருப்பி வாங்கிக்கொண்டார்கள். இரண்டு நாளில் ஊரில் இருக்கிற அத்தனை மேனேஜர்களுக்கும் செய்தி போய்விட்டது. எனக்கு இப்போது புதுப் பெயர்: ஓட்டை வாய்.

உனக்குச் சொன்ன அந்த ‘உள்ளே’ யார்? ஒரு பெயர் மட்டும் எழுது. கேமராமேனின் உதவியாளரா? மேனேஜரா? யாராக இருந்தாலும் சரி. புகழ்ச்சி ஒரு வரி வேண்டாம்.


மார்ச் 10

சார்,

மூணு காகிதம் கிழிச்சுட்டேன். இது நாலாவது.

முதல் விஷயம், நான் தம்பி இல்ல, பொண்ணு. ரெண்டாவது விஷயம் அதைவிட மோசம். உள்ளே யாருமே இல்ல சார். எனக்கு அந்தப் படத்துல டீ குடுக்கறவரைக்கூடத் தெரியாது.

நானே கண்டுபிடிச்சேன். சத்தியமா. எப்படின்னு சொல்றேன்.

பிப்ரவரி கடைசியில ஒரே வாரத்துல மூணு சீரியல்லயும் ‘இவருக்குப் பதில் இனி இவர்’னு உங்க படத்துக்குப் பக்கத்துல வேற ஆள் படம் போட்டாங்க. ஒண்ணு போனா சண்டைன்னு விட்டுடலாம். மூணும் போனா? நீங்க மூணுலயும் அதே மீசையோட நடிக்கிறவர். முப்பத்தெட்டு வருஷமா அந்த மீசைய எடுத்ததே இல்ல, ஏன்னா எப்பவும் எங்கயாவது பாதி சீன் மிச்சம் இருக்கும். அப்ப மீசை போயிடுச்சுன்னு புரிஞ்சுக்கிட்டேன்.

ரெண்டு நாள் கழிச்சு ஒருத்தன் செருப்புக் கடையில செல்ஃபி எடுத்துப் போட்டிருந்தான். பின்னாடி ஒரு பெரியவர் குனிஞ்சு ஷூ போட்டுப் பாக்கறார். மீசை இல்ல. யாருக்கும் அடையாளம் தெரியாது. நான் காதைப் பாத்தேன். உங்க இடது காது மேல்பக்கம் லேசா மடிஞ்சிருக்கும்ல?

பெருசாக்கிப் பாத்தா மேல் உதட்டுல வலது பக்கம் ஒரு தழும்பு. அதை நான் ஏற்கெனவே ஒரு தடவை பாத்திருக்கேன். உங்க முதல் படத்துல தபால்காரரா நாலு செகண்ட் வருவீங்க, மீசை முளைக்காத மாதிரி இருப்பீங்க, அதுல இருக்கு. அப்புறம் டீசரைப் போட்டேன். ஹீரோ கையில ஒரு கிழிஞ்ச ஃபோட்டோ, அப்பாவோடது. வாயும் தாடையும் மட்டும் தெரியும். கம்ப்யூட்டர்ல வயசைக் குறைச்சிருந்தாங்க சார், தழும்பைக் குறைக்க மறந்துட்டாங்க!

செத்துப்போன அப்பாவோட ஃபோட்டோவுக்காக யாராவது மூணு சீரியலை விடுவாங்களா? அரை நாள் வேலை அது. அப்ப அப்பா உயிரோட வர்றார். அவ்வளவுதான்.

‘நானா யோசிச்சேன்’னு போட்டா பத்து பேர் சிரிச்சுட்டுப் போவாங்க. ‘உள்ளேயிருந்து உறுதியான தகவல்’னு போட்டாத்தான் நின்னு படிப்பாங்க. எல்லாரும் அப்படித்தான் சார் போடறாங்க. அது ஒரு மாதிரி மணி அடிக்கற சத்தம். அதுல ஒரு மனுஷனுக்கு வேலை போகும்னு எனக்கு எப்படித் தெரியும்?

மன்னிச்சுடுங்க. ஆனா அந்த மேனேஜர் மேல எனக்குக் கொலைவெறி வருது. இருபது வருஷம் பழகினவர் ஒரு தடவை உங்க மூஞ்சியப் பாத்து நம்ப வேணாமா?


மார்ச் 14

பொண்ணே,

உன் கடிதத்தை எடுத்துக்கொண்டு மேனேஜரிடம் போனேன். கண்ணாடி மாட்டி, முழுவதும் படித்தார். இரண்டாம் பக்கத்தில் சிரிக்க ஆரம்பித்தார்.

“செருப்புக் கடையில காதைப் பாத்தாளாம்! அண்ணே, பிரமாதம். உங்க வீட்டுல யாரு இவ்வளவு நல்லா எழுதுறது?”

“இது அந்தப் பொண்ணு எழுதினது.”

“அந்தப் பொண்ணு ஊருக்கெல்லாம் ஒண்ணு சொல்லுது, உங்களுக்கு மட்டும் தபால்ல வேற சொல்லுதா? காகிதத்துல எழுதினா எவன் வேணா எழுதலாம்ணே. எங்க போட்டாளோ அங்க போடச் சொல்லுங்க.”

அந்த ஆள் மேல் எனக்கு ஆத்திரம்தான். ஆனால் இந்த ஒன்றில் அவன் சொன்னது நியாயம். என்னிடம் நீ ஒப்புக்கொண்டு என்ன ஆகப்போகிறது? நான் திருடவில்லை என்பது எனக்குத் தெரியாதா?

நேற்று எனக்கு ஒரு நாள் வேலை கிடைத்தது. சின்ன சீரியல். நீதிபதி. என்னைவிட நாற்பது வயது இளைய அசிஸ்டென்ட் டைரக்டர் கையில் தாளோடு வந்தான். நான் வழக்கம்போலக் கை நீட்டினேன். அவன் தாளை முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனான்.

“சார், தப்பா எடுத்துக்காதீங்க. நான் சொல்லச் சொல்லப் பேசுங்க. உங்க கையில பேப்பர் தர வேணாம்னு ஆஃபீஸ்ல சொல்லியிருக்காங்க.”

அந்தத் தாளில் என்ன ரகசியம் இருந்தது தெரியுமா? “அமைதி, அமைதி.” அவ்வளவுதான் என் வசனம். இரண்டு தடவை ‘அமைதி’ என்று சொல்ல, ஒருவன் என் காதருகே வந்து இரண்டு தடவை ‘அமைதி’ என்று சொன்னான். லைட்மேன்கள் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஒட்டு மீசை பசையோடு சுட்டது. நான் ‘அமைதி’ என்றேன். முதல் டேக்கிலேயே ஓகே.

நீ செய்ய வேண்டியது ஒன்றுதான். எந்தப் பக்கத்தில் பொய்யைப் போட்டாயோ அதே பக்கத்தில், அதே எழுத்து அளவில், உள்ளே யாரும் இல்லை என்று போடு. நாளைக்கே.


மார்ச் 16

சார், போட்டுட்டேன்!

நீங்க சொன்னதை இல்ல. அதைவிடப் பெருசா. ‘அப்பாவைத் திருப்பிக் குடு’ன்னு ஒரு ஹேஷ்டேக். உங்க இன்ஸ்பெக்டர் சீன், டாக்டர் சீன், எல்லாம் வெட்டி ஒட்டி மூணு நிமிஷ வீடியோ. பின்னணியில இசையும் நானே போட்டேன். தயாரிப்பு ஆஃபீஸ் பக்கத்துல போய் எல்லாரும் கமென்ட் போடுங்கன்னு சொல்லியிருக்கேன். இதுவரை ஒன்பதாயிரம் கமென்ட். அந்த மேனேஜர் தண்ணி குடிக்கட்டும்!

அந்த இன்னொரு விஷயம்... சார், ஒரே ஒரு வாரம் டைம் குடுங்க. ஏன்னு சொல்றேன், திட்டாதீங்க.

ஒரு பெரிய ஆன்லைன் சேனல் என்னை இன்டர்வியூக்குக் கூப்பிட்டிருக்கு. இருபத்தொண்ணாம் தேதி. சினிமா உள்வட்டச் செய்தி எழுதுற வேலை. அந்தப் பதிவைப் பாத்துட்டுத்தான் கூப்பிட்டாங்க. நான் மூணு வருஷமா ஒரு மேஜை விளக்குக்குக் கீழ உக்காந்து அடுத்தவங்க உடைச்ச கண்ணாடிய உரிச்சுக்கிட்டு இருக்கேன். விரல் நுனியெல்லாம் கீறல். எங்க அண்ணன் வீட்டுல என்னை ‘கண்ணாடி டாக்டர்’னுதான் கூப்பிடுவான். ‘என்ன டாக்டர், இன்னைக்கு எத்தனை ஆபரேஷன்?’ அவன் வாய அடைக்கற மாதிரி வாழ்க்கையில முதல் தடவையா ஒண்ணு நடக்குது.

இப்பப் போய் ‘உள்ளே எனக்கு ஒருத்தரையும் தெரியாது, சும்மா விட்டேன்’னு போட்டா அவங்க எதுக்கு என்னைக் கூப்பிடறாங்க? இன்டர்வியூ முடியட்டும். உள்ள போய் உக்காந்ததும் முதல் வேலையா உங்களைப் பத்தி எழுதறேன். அப்ப எண்பதாயிரம் இல்ல, எண்பது லட்சம் பேர் படிப்பாங்க.

ஒரு வாரம்தான் சார். முப்பத்தெட்டு வருஷம் பொறுத்தீங்க.


மார்ச் 19

முப்பத்தெட்டு வருஷம் பொறுத்தவன் என்பதால் இன்னும் ஒரு வாரம் பொறுக்கலாம் என்கிறாய். நல்ல கணக்கு. இந்தக் கடைசி வரியை எழுதிய காகிதத்தையாவது கிழித்திருக்கக் கூடாதா?

உன் ஒன்பதாயிரம் பேர் என்ன செய்தார்கள் தெரியுமா? மேனேஜரை அவர் அம்மாவையும் அக்காவையும் சேர்த்துத் திட்டினார்கள். அவர் எனக்கு போன் பண்ணினார். இந்தத் தடவை ‘அண்ணே’ இல்லை.

“ஆள் வெச்சு மிரட்டறீங்களா? இந்த வயசுல இதெல்லாம் தேவையா உங்களுக்கு?”

அதற்கு முன்பு நான் ஓட்டை வாய் மட்டும்தான். இப்போது ரவுடியும் ஆகிவிட்டேன். சினிமாவில்கூட எனக்கு ரவுடி வேஷம் யாரும் கொடுத்ததில்லை.

நேற்று அந்த அப்பா வரும் காட்சியைப் படம்பிடித்துவிட்டார்கள். வேறொருவரை வைத்து. என் பழைய மேக்கப்மேன் வந்து சொல்லிவிட்டுப் போனான். என்ன காட்சி என்று இப்போது சொல்கிறேன். இனி ரகசியம் என்று ஒன்று மிச்சமில்லையே. மகன் கதவை உடைத்துக்கொண்டு உள்ளே வருகிறான். அப்பன் ஒரு சின்ன மேஜையில் தனியாக உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருக்கிறான். எழுந்து ஓடவில்லை. இன்னொரு தட்டை எடுத்து வைக்கிறான். சாப்பிட்டுக்கொண்டே பேசுகிறான். நாலு பக்க வசனம். நாலு பக்கம்! எனக்கு ஒரு படம் முழுவதற்கும் சேர்த்து நாலு வரி வருவதே பெரிய விஷயம். நான் சமையலறையில் மனைவி இல்லாத நேரம் பார்த்து, வெறும் தட்டை வைத்துக்கொண்டு ஒத்திகை பார்த்தேன். வாயில் சோறு இருக்கும்போது எந்தச் சொல் தடுக்கும், எந்த இடத்தில் விழுங்க வேண்டும் என்று ஒவ்வொரு வரிக்கும் குறித்து வைத்திருந்தேன்.

சரி. போனது போகட்டும். அந்த வேஷத்தை உன்னிடம் கேட்கவில்லை.

என் காது மடிந்திருப்பது வரைக்கும் உனக்குத் தெரிகிறது. நான் வாயைத் திறக்காதவன் என்பது உன் இருநூற்றுப் பதினாலு படத்தில் எதிலுமே தெரியவில்லையா? அது உனக்குத் தெரியும். தெரிந்துகொண்டே என் மேல் விழுகிற பழியை ஓரமாக நின்று பார்த்துக்கொண்டிருக்கிறாய், இருபத்தொன்றாம் தேதிக்காக.

இன்டர்வியூவுக்குப் போய் வா. நன்றாகப் பதில் சொல். இனிமேல் எனக்கு எழுதாதே.


மார்ச் 22

எழுதாதேன்னு சொன்னீங்க. எழுதுறேன். கோவத்துல எழுதுறேன், அதனால மரியாதை அங்கங்க குறையும்.

நேத்து போனேன். ஏசி ரூம். மூணு பேர். ஒருத்தர் கால் மேல கால், ஒருத்தர் லேப்டாப்பைவிட்டுக் கண்ண எடுக்கல, ஒரு அக்கா மட்டும் சிரிச்சாங்க. அந்த அக்காதான் கேட்டாங்க.

“உன்னோட சோர்ஸ் அந்தப் பெரியவர்தானே?”

“இல்ல மேடம்.”

“அட, எங்களுக்குத் தெரியும்மா. ஃபீல்டு பூரா தெரியும். நீ சேர்ந்ததும் முதல் வாரமே அவரைக் கூட்டிட்டு வா. முகத்த மறைச்சுடலாம், குரல மாத்திடலாம். அந்தப் படத்துல இன்னும் என்னென்ன இருக்குன்னு கக்கட்டும். அவருக்குத்தான் இனிமே வேலை இல்லையே, வருவார்.”

சார், எனக்குக் காதுக்குள்ள ‘ஙொய்’னு ஒரு சத்தம். நீங்க ஓட்டை வாய்னாத்தான் எனக்கு அந்த வேலை. உங்க மேல விழுந்த பழிதான் என்னோட தகுதிச் சான்றிதழ். இது எனக்கு இவ்வளவு நாள் புரியலையா, புரியாத மாதிரி இருந்தேனான்னு தெரியல.

உடைச்சுச் சொல்லிட்டேன். “மேடம், சோர்ஸே இல்ல. அவரும் இல்ல, யாரும் இல்ல. நான் ஃபோட்டோ பாத்துக் கண்டுபிடிச்சேன், உள்ளேன்னு பொய் போட்டேன்.”

என்ன பண்ணாங்க தெரியுமா? மூணு பேரும் கைதட்டினாங்க! “பாத்தீங்களா, சோர்ஸை விட்டுக் குடுக்க மாட்டேங்குது. இந்த மாதிரிப் பொண்ணுதான் வேணும்.” வேலை குடுத்துட்டாங்க சார். ஒண்ணாம் தேதி சேரணுமாம். வாழ்க்கையில முதல் தடவையா உண்மை பேசினேன், அதையும் திறமைன்னு எடுத்துக்கிட்டாங்க.

வீட்டுக்கு வந்ததும் அண்ணன் ஆரம்பிச்சான், “என்ன டாக்டர், பேஷன்ட் பொழைச்சுதா?” கையில இருந்த தண்ணி பாட்டிலை அவன் மேல எறிஞ்சேன். இப்ப அவனும் பேசறதில்ல.

உங்க மேலயும் கோவம்தான். நான் உங்களைப் பாக்க ஆரம்பிச்சது பதினாலு வயசுல. அத்தனை வருஷத்துல நீங்க யாரையும் திட்டினதில்ல. என்னை மட்டும் இப்படித் திட்டறீங்க. நியாயமாத் திட்டறீங்க, அதான் இன்னும் எரியுது.

பதிவு எழுதிட்டேன். இத்தோட இருக்கு. நீங்க படிச்சுட்டுச் சொன்னாத்தான் போடுவேன், ஏன்னா போன தடவை உங்களைக் கேக்காமப் போட்டேன். ஒண்ணாம் தேதிக்கு முன்னாடி போட்டுடணும். அப்புறம் சம்பளம் கண்ணுல பட்டா எனக்குத் தைரியம் இருக்குமான்னு எனக்கே சந்தேகம்.


மார்ச் 26

நீ எழுதியதைத் திருப்பி அனுப்புகிறேன். சிவப்பு மையில் அடித்திருப்பதையெல்லாம் எடுத்துவிடு.

‘நடிப்புலகின் நிறைகுடம்’, அடி. ‘என் இதய தெய்வம்’, அடி. என்னை ஒரு இடத்தில்கூடப் புகழாதே. புகழ்ந்தால் நானே உட்கார்ந்து சொல்லச் சொல்ல நீ எழுதியது என்பார்கள். மேனேஜரைத் திட்டியிருக்கும் ஒன்பது வரியும் வேண்டாம். ஒன்பதையும் இரண்டு தடவை ரசித்துப் படித்துவிட்டுத்தான் அடித்தேன்.

‘உதட்டில் வீரத் தழும்பு’ என்று எழுதியிருக்கிறாய். தெருக் குழாயில் தண்ணீர் குடிக்கப் போய் வழுக்கி விழுந்தது. வெறும் ‘தழும்பு’ என்று போடு.

தபால்காரன், செருப்புக் கடை, டீசர் என்று மூன்று படங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வை. வட்டம் போட்டுக் காட்டு. யார் பார்த்தாலும் பத்து விநாடியில் புரிய வேண்டும். காதையும் போடு. நான் கண்ணாடியில் பார்த்தேன், மடிந்துதான் இருக்கிறது. அறுபத்து மூன்று வருஷமாக எனக்குத் தெரியாது. என் மனைவிக்குத் தெரிந்திருக்கிறது. “ஏன் சொல்லல?” என்று கேட்டேன். “நீங்க மட்டும் எல்லாத்தையும் எங்கிட்டச் சொல்றீங்களாக்கும்?” என்றாள்.

முதல் வரியில் ‘ஒரு சின்னத் தவறு நடந்துவிட்டது’ என்று ஆரம்பித்திருக்கிறாய். நடக்கவில்லை. நீ செய்தாய். அதை மாற்று.

உன்னை மன்னித்துவிட்டேன் என்று எழுத மாட்டேன். எழுதினால் அதையும் பிரிண்ட் எடுத்துப் பக்கத்தில் போட்டுவிடுவாய். இன்னும் கோபமாகத்தான் இருக்கிறேன். காலையில் மீசையைத் தடவப் போய், கை வெறும் தோலில் படுகிற ஒவ்வொரு நாளும் உன் ஞாபகம் வருகிறது.

வேலைக்குப் போவதும் போகாததும் உன் பாடு. அதற்கு என்னிடம் அனுமதி கேட்காதே, பிறகு என்னைக் காரணம் சொல்லாதே. எனக்கு வேண்டியது ஒன்றுதான். அடுத்த தடவை ஒரு அசிஸ்டென்ட் டைரக்டர் என்னிடம் சீன் பேப்பரோடு வரும்போது, அவன் கை என்னை நோக்கி நீள வேண்டும். ‘அமைதி, அமைதி’ என்று மட்டும் இருந்தாலும் சரி, அதை நானே என் கண்ணால் படிக்க வேண்டும்.


மார்ச் 29

சார்,

காலையில எட்டே முக்காலுக்குப் போட்டேன். அடிக்கச் சொன்னதையெல்லாம் அடிச்சுட்டேன். ‘நடந்துடுச்சு’வ ‘செஞ்சேன்’னு மாத்திட்டேன். மேனேஜரைத் திட்டின ஒன்பது வரியை மட்டும் தனியா ஒரு நோட்ல எழுதி வெச்சிருக்கேன், எனக்காக.

கடையில உக்காந்து எழுதறேன். எதிர்ல நாலு உடைஞ்ச போன். இதுவரைக்கும் பதினோராயிரம் பேர் என் பக்கத்தைவிட்டுப் போயிட்டாங்க. சேனல் அக்கா ‘இது ஜோக்கா?’ன்னு கேட்டாங்க. ‘இல்ல மேடம்’னு போட்டேன். ரெண்டு நீல டிக் வந்துச்சு. அதுக்கப்புறம் ஒண்ணும் வரல.

உங்களுக்குப் பிரிண்ட் வேணும்ல, கீழ அப்படியே எழுதறேன்.

“மக்களே, பெரிய செய்தி. இந்தப் பக்கத்தோட அட்மின் நான் ஒரு பொய் சொன்னேன், அதனால ஒரு நடிகருக்கு வேலை போச்சு.

மார்ச் ரெண்டாம் தேதி ‘உள்ளேயிருந்து உறுதியான தகவல்’னு ஒண்ணு போட்டேன். எனக்கு உள்ளே ஒருத்தரையும் தெரியாது. யாரும் எங்கிட்ட எதுவும் சொல்லல. நான் அந்த நடிகரைப் பாத்ததில்ல, அவர்கிட்டப் போன்ல பேசினதில்ல. கீழ இருக்கற மூணு படத்தையும் வெச்சு நானா ஊகிச்சேன். வட்டம் போட்டிருக்கேன், தழும்பையும் காதையும் நீங்களே பாத்துக்கங்க. ஊகிச்சேன்னு சொன்னா நீங்க மதிக்க மாட்டீங்கன்னு, பெரிய ஆள் மாதிரி காட்டிக்க, ‘உள்ளேயிருந்து’ன்னு சேர்த்தேன். அந்த ஒரு வார்த்தையாலதான் கதைய வெளிய விட்டது அவர்னு முடிவு பண்ணி அனுப்பிட்டாங்க. அவர் வெளிய விடல. கட்டின மனைவிகிட்டகூட அவர் சொல்லல.

‘அப்பாவைத் திருப்பிக் குடு’ன்னு நான் கிளப்பினதும் அவருக்குத் தெரியாது. அதுல போய் அசிங்கமாத் திட்டினவங்க அங்க போய் உங்க கமென்ட்டை அழிச்சுடுங்க. இன்னைக்கே.

நான் அந்த ஆளைப் புகழப் போறதில்ல. அவர் வேணாம்னுட்டார்.

என்னைத் திட்டறவங்க தாராளமாத் திட்டுங்க, எனக்கு வேணும். ஆனா சும்மா திட்டிட்டுப் போகாதீங்க, பகிர்ந்துட்டுத் திட்டுங்க. பொய்யை நாலு லட்சத்துப் பத்தாயிரம் பேர் பாத்தீங்க. இதை இன்னும் ஒரே ஒருத்தர் கூடுதலாப் பாக்கணும். ஏதோ ஒரு ஷூட்டிங்ல, கையில சீன் பேப்பரை வெச்சுக்கிட்டு, இந்தப் பெரியவர்கிட்டக் குடுக்கலாமா வேணாமான்னு யோசிச்சுட்டு நிக்கற அசிஸ்டென்ட் டைரக்டர் அவர். பேர் எனக்குத் தெரியாது. உங்க அண்ணனா இருக்கலாம், கூடப் படிச்சவனா இருக்கலாம், எதிர் வீட்டுப் பொண்ணா இருக்கலாம். அந்த வேலையில யாரைத் தெரிஞ்சாலும் கீழ கமென்ட்ல அவங்களைக் கூப்பிடுங்க. ஒருத்தர் விடாமக் கூப்பிடுங்க. இப்பவே.”